பல மரம் கண்ட தச்சனா லயனல் கானக்கர்? குத்துச்சண்டையையும் கோச் வேலையையும் கணக்கில் சேர்க்கலாமா?

மூன்றாம்கோடு எழுதியது:

வணக்கம் மக்களே. கொஞ்ச நாளாக மனதில் இருந்த சண்டையை இங்கே இறக்கி வைக்கிறேன்.

"எல்லா விளையாட்டிலும் கலக்கியவர்கள்" என்று யார் பட்டியல் போட்டாலும் கனடாவின் லயனல் கானக்கர் பெயர் முதல் ஐந்துக்குள் வந்துவிடும். 1900இல் டொரான்டோவில் பிறந்தவர். பனி ஹாக்கி, கனடிய ஃபுட்பால் (பந்தைக் கையில் ஏந்தி ஓடுவது), லக்ராஸ் (வலை கட்டிய கோலால் பந்தாடுவது), பேஸ்பால், குத்துச்சண்டை, மல்யுத்தம் என்று கை வைக்காத இடமில்லை. 1921இல் கனடிய ஃபுட்பாலின் பெரிய கோப்பையான கிரே கோப்பை இறுதியாட்டத்தில் டொரான்டோ ஆர்கோநாட்ஸ் 23-0 என்று எட்மன்டனை அடித்தது. அதில் 15 புள்ளிகள் இவருடையவை. ஆட்டம் முடியும்வரைகூட இருக்கவில்லை, இன்னொரு இடத்தில் ஹாக்கி ஆட்டம் இருந்தது என்று கிளம்பிவிட்டார். அடுத்த ஆண்டு ஒரே நாளில் பேஸ்பாலில் வெற்றி அடி அடித்துவிட்டு, ஓடிப்போய் லக்ராஸில் நான்கு கோல் போட்டார். 1950இல் கனடியன் பிரஸ் நடத்திய வாக்கெடுப்பில் அரை நூற்றாண்டின் சிறந்த ஆண் விளையாட்டு வீரர் இவர்தான்.

இதையெல்லாம் "பிறவித் திறமை" என்று எழுதுகிறார்கள். எனக்கு அப்படித் தெரியவில்லை. பத்துப் பிள்ளைகள் உள்ள ஏழை வீடு. அப்பா குதிரை வண்டி ஓட்டியவர். எட்டாம் வகுப்போடு படிப்பை நிறுத்திவிட்டுப் புல்தரைப் பாளங்களைச் சுமக்கும் வேலைக்குப் போன பையன் இவர். விளையாட்டு இவருக்குப் பொழுதுபோக்கு அல்ல, வயிற்றுப்பாடு. எந்தப் பருவத்தில் எந்தக் கதவு திறந்திருந்ததோ அதில் நுழைந்தார், அவ்வளவுதான்.

என் கேள்வி இரண்டு. ஹாக்கியும் ஃபுட்பாலும் சரி, மறுக்க ஆளில்லை. ஆனால் குத்துச்சண்டை வீரர், பயிற்சியாளர் என்ற பட்டங்களை எவ்வளவு தூரம் நம்பலாம்? பல மரம் கண்ட தச்சன் கதையா இது?

---

சும்மா_எட்டிப்பார்த்தவன் எழுதியது:

தலைவரே, ஒரு அடிப்படைச் சந்தேகம். இவரைப் பற்றி ஒரு இடத்தில் "கல்லூரிக்காலத்தில் பிட்ஸ்பர்க்கில் ஹாக்கி ஆடினார்" என்று பார்த்தேன். எட்டாம் வகுப்போடு நிறுத்தியவர் எப்படிக் கல்லூரிக்குப் போனார்? அதுவும் அமெரிக்காவில்?

---

பழையபேப்பர் எழுதியது:

நல்ல இடத்தில் கையை வைத்தீர்கள். இந்த ஆளின் வாழ்க்கையில் திருப்புமுனை அங்கேதான்.

1923இல் பிட்ஸ்பர்க் யெல்லோ ஜாக்கெட்ஸ் என்ற அணி இவரை அழைத்தது. பெயருக்கு அமெச்சூர் அணி. சம்பளம் என்று எழுதிக் கொடுக்க முடியாது. அதனால் படிப்புச் செலவைப் பார்த்துக்கொள்கிறோம் என்றார்கள். முதலில் பென்சில்வேனியாவில் பெல்ஃபான்ட் அகாடமியில் விட்ட பள்ளிப் படிப்பைப் பிடித்தார், பிறகு பிட்ஸ்பர்க்கில் டுகேன் பல்கலைக்கழகம். கல்லூரிக்காக ஃபுட்பால், நகர அணிக்காக ஹாக்கி. இருபது வயது தாண்டிய ஆள், பள்ளிப் பையன்களோடு வகுப்பில் உட்கார்ந்தார். யெல்லோ ஜாக்கெட்ஸ் 1924, 1925 இரண்டு ஆண்டும் அமெரிக்க அமெச்சூர் பட்டத்தை வென்றது. 1925இல் அந்தக் கூட்டத்தில் பெரும்பாலோர் அப்படியே தொழில்முறைக்கு மாறி, பிட்ஸ்பர்க் பைரட்ஸ் என்ற பெயரில் வட அமெரிக்காவின் பெரிய தொழில்முறை ஹாக்கி லீகான என்ஹெச்எல்லில் நுழைந்தார்கள். கேப்டன் கானக்கர். அணி வரலாற்றின் முதல் கோலும் அவருடையதுதான்.

இப்போது மூன்றாம்கோடு அவர்களுக்கு ஒரு மறுப்பு. "வயிற்றுப்பாடு, திறந்த கதவில் நுழைந்தார்" என்கிறீர்கள். அப்படியானால் அதற்கு முன்பே டொரான்டோ செயின்ட் பாட்ஸும் மான்ட்ரியல் கனடியன்ஸும் பணத்தோடு வந்தபோது ஏன் வேண்டாம் என்றார்? பசித்தவன் செய்கிற வேலையா அது?

காரணம் அன்றைய விதி. ஒரு விளையாட்டில் காசு வாங்கியவர் மற்ற எல்லா விளையாட்டிலும் அமெச்சூர் தகுதியை இழப்பார். ஹாக்கியில் கையெழுத்துப் போட்ட மறுநாள் ஃபுட்பால் போச்சு, லக்ராஸ் போச்சு, குத்துச்சண்டை வளையமும் போச்சு. ஒரு கையெழுத்துக்கு ஐந்து விளையாட்டு விலை. அதைவிடப் படிப்பைக் கேட்டு வாங்கினார். கதவு திறந்திருந்ததால் நுழைந்த ஆள் இல்லை இவர். எந்தக் கதவு எப்போது மூடும் என்று கணக்குப் போட்டவர்.

---

மூன்றாம்கோடு எழுதியது:

கணக்குப் போட்டார் என்பதும் வயிற்றுப்பாடு என்பதும் எதிரெதிர் அல்லவே? ஏழை வீட்டுப் பிள்ளைதான் நன்றாகக் கணக்குப் போடுவான். ஆனால் விதியைப் பற்றிச் சொன்னது சரி. அந்தக் கோணத்தில் பார்த்தால் 1925க்கு முந்திய கானக்கரும் பிந்தியவரும் இரண்டு ஆள். முன்னவர் எல்லாம் ஆடியவர். பின்னவர் காசு கொடுத்த விளையாட்டை மட்டும் ஆடியவர்.

குத்துச்சண்டை ஆட்கள் யாராவது வருவீர்களா?

---

குத்துவிளக்கு எழுதியது:

வந்தாச்சு.

முதலில் உள்ளதைச் சொல்கிறேன். 1920இல் கானக்கர் கனடாவின் அமெச்சூர் லைட் ஹெவிவெயிட் பட்டத்தை வென்றார். அது உண்மையான பட்டம். 175 பவுண்டு, அதாவது ஏறக்குறைய 79 கிலோ எடைப்பிரிவு. அதற்கு முன்பு பதினாறு வயதில் 125 பவுண்டு பிரிவில் ஒன்டாரியோ மல்யுத்தப் பட்டமும் வாங்கியிருந்தார். நான்கே ஆண்டில் ஐம்பது பவுண்டு ஏறிய உடம்பு. பயல் வளர்ந்த வேகத்தைப் பாருங்கள்!

அப்புறம் எல்லாரும் வாயைப் பிளக்கும் விஷயம், ஜாக் டெம்ப்சியோடு வளையத்தில் நின்றது. டெம்ப்சி 1919இலிருந்து 1926வரை உலக ஹெவிவெயிட் சாம்பியன். 1920களின் தொடக்கத்தில் அவரோடு கானக்கர் மோதினார் என்று எழுதும்போது ஏதோ உலகப் பட்டத்துக்கான சண்டை போலத் தொனிக்கிறது. அது கண்காட்சிச் சண்டை. சாம்பியன்கள் ஊர் ஊராகப் போய், உள்ளூரில் பெயர் பெற்ற ஆளோடு சில சுற்று ஆடிக் காட்டுவார்கள். டிக்கெட் விற்கும். தீர்ப்பு இருக்காது. சாம்பியன் முழுக் குத்தை இறக்கமாட்டார், எதிராளியும் ஆளை வீழ்த்தப் போகமாட்டார். வட சென்னையில் கிளப் வருடாந்திர விழாக்களில் பெரிய பயில்வானோடு பையன்களை ஏற்றிவிடுவார்களே, அந்த ஏற்பாடுதான்.

அதற்காக ஒன்றுமில்லை என்று தள்ளவும் முடியாது. டெம்ப்சி பாதிக் கையோடு குத்தினாலும் அது டெம்ப்சியின் கை. எதிரே நின்று சுற்றுகளை முடித்துவிட்டு இறங்குவதற்குக் கால் வேலை தெரிந்திருக்க வேண்டும், தாடையை மறைக்கத் தெரிந்திருக்க வேண்டும்.

என் தீர்ப்பு: நல்ல அமெச்சூர். குத்துச்சண்டை வீரர் என்று அழைக்கலாம். "குத்துச்சண்டையிலும் ஜாம்பவான்" என்று எழுதினால் நான் சண்டைக்கு வருவேன். தொழில்முறைக் குத்துச்சண்டைக்கு அவர் போகவே இல்லை. நாற்பது ஐம்பது சண்டை போட்டு மூக்கும் காதும் சிதைந்தவர்களை அந்த வார்த்தைக்காக விட்டு வையுங்கள்.

---

சும்மா_எட்டிப்பார்த்தவன் எழுதியது:

மூக்கு சிதைவது என்றால் ஹாக்கியிலேயே சிதைந்திருக்குமே அண்ணே. ஹாக்கிக்காரர்கள் நடு ரிங்க்கில் கையுறையைக் கழற்றிப் போட்டுவிட்டு அடித்துக்கொள்கிறார்களே, அதற்குக் குத்துச்சண்டைப் பயிற்சி உதவுமா?

---

குத்துவிளக்கு எழுதியது:

நினைக்கிற அளவுக்கு உதவாது தம்பி. குத்தின் பலம் கையில் இல்லை, பின்னங்காலில் இருக்கிறது. பின் பாதம் தரையை அழுத்தும், இடுப்பு திரும்பும், தோள் வரும், கடைசியில்தான் முஷ்டி. பனியில் ஸ்கேட் போட்டு நிற்பவனுக்குப் பின்னங்கால் வழுக்கிக்கொண்டு போகும். அதனால்தான் ஹாக்கிச் சண்டையில் இடது கையால் எதிராளியின் சட்டையைக் கொத்தாகப் பிடித்துக்கொண்டு வலது கையால் அடிப்பார்கள். அந்தச் சட்டைதான் அவர்களுக்குத் தரை. குத்துச்சண்டையில் பிடித்தால் நடுவர் பிரித்துவிடுவார். இரண்டும் வேறு வேறு வித்தை.

உதவுவது வேறொன்று. அடி வரும்போது கண்ணை மூடாத பழக்கம். அது வளையத்தில்தான் வரும்.

---

வடக்குமுனை எழுதியது:

ரொறன்ரோவில் இருந்து எழுதுகிறேன். இங்கே பிள்ளைகளை ஹொக்கிக்குக் கூட்டிக்கொண்டு போகிற அப்பாக்களில் நானும் ஒருவன். விடிய ஐந்தரைக்கு அரீனா வாசலில் கோப்பியோடு நிற்பவன் சொல்கிறேன், இந்த மனிசனின் கதையில் எனக்கு நம்ப ஏலாத பகுதி டெம்ப்சியும் இல்லை, பதினைந்து புள்ளியும் இல்லை. அவர் ஸ்கேற் பண்ணப் பழகினதே பதினாறு வயதில்!

இங்கே நாலு வயதில் பிள்ளைகளை ஐஸில் இறக்கிவிடுவார்கள். பத்து வயதில் தொடங்கினாலே "பிந்திப் போச்சு" என்பார்கள். ஸ்கேற் வாங்கக் காசில்லாத வீடு, அதுதான் காரணம். பதினாறில் தொடங்கினவர் 1920இல், இருபது வயதில், ரொறன்ரோ கனூ கிளப் அணியோடு மெமோரியல் கப் எடுத்தார். அது கனடா முழுக்க ஜூனியர் ஹொக்கியில் பெரிய கிண்ணம்.

அவர் ஆடினது டிஃபென்ஸ். டிஃபென்ஸ்காரர் பின்பக்கமாகச் சறுக்க வேண்டும். எதிரில் முழு வேகத்தில் வருகிறவனைப் பார்த்தபடி, முதுகுப் பக்கம் என்ன இருக்கிறதென்று தெரியாமல், முழங்காலை மடித்து, பாரத்தைப் பாதத்தின் முன்பக்கம் வைத்து. கொஞ்சம் குதியில் பாரம் போனால் நேரே மல்லாக்க விழுவீர்கள். பெரிய ஆளாகிப் பழகினவர்களுக்கு அந்தப் பயம் உடம்பை விட்டுப் போகாது. நானும் பெரியவர்களுக்கான வகுப்பில் சேர்ந்து பார்த்தேன், அதனால் இதைச் சத்தியம் பண்ணிச் சொல்வேன்.

அவரே தனக்கு ஆகக் கஷ்டமாக வந்த விளையாட்டு ஹொக்கிதான் என்று ஒத்துக்கொண்டவர். கஷ்டமாக வந்ததில்தான் பிழைப்பும் நடந்தது. 498 என்ஹெச்எல் ஆட்டம், 80 கோல், 105 அசிஸ்ட் (மற்றவர் கோல் போடக் கொடுத்த பாஸ்).

---

கோலி_அக்கா எழுதியது:

வடக்குமுனை அண்ணாவின் பதிவைப் படித்ததும் உள்ளே வராமல் இருக்க முடியவில்லை. நான் கோல் காப்பவள், அதனால் டிஃபென்ஸ்காரர்களைப் பற்றி எனக்குத் தனிக் கருத்து உண்டு.

சறுக்கலில் பின்தங்கிய ஆள் என்ன செய்தார் தெரியுமா? சறுக்க வேண்டிய அவசியத்தையே குறைத்துக்கொண்டார். எதிராளி எங்கே அடிப்பான் என்று முன்கூட்டிப் பார்த்து, அந்தக் கோட்டில் போய் ஒற்றை முழங்காலை ஊன்றி உடம்பைப் பக்குக்கு, அதாவது ஹாக்கியின் ரப்பர் வட்டுக்கு, குறுக்கே போடுவது. ஷாட் தடுக்கும் அந்த வேலையை ஒரு கலையாகவே செய்த முதல் சிலரில் கானக்கர் ஒருவர். "நடமாடும் கோலி" என்ற மாதிரிப் பெயரெல்லாம் வைத்தார்கள்.

இன்று எல்லா டிஃபென்ஸ்காரரும் செய்கிறார்களே என்று தோன்றும். இன்று தலையில் ஹெல்மெட், முகத்துக்கு வைசர், விலாவுக்குத் தடித்த பேட். அன்று தலையில் ஒன்றுமில்லை. கோலிக்கே முகமூடி இல்லாத காலம். உறைந்த ரப்பர் வட்டு முகத்துக்கு நேரே வரும்போது முழங்காலில் போய் உட்காருவது சாதாரணக் காரியமா? மூக்கு எத்தனை முறை உடைந்தது என்று அவருக்கே கணக்கு மறந்திருக்கும்.

குத்துவிளக்கு சொன்ன "அடி வரும்போது கண்ணை மூடாத பழக்கம்" இங்கேதான் வேலை செய்தது என்று நினைக்கிறேன். குத்துச்சண்டை அவருக்குப் பட்டம் கொடுத்ததைவிட, இதைக் கொடுத்ததுதான் பெரிது.

---

மூன்றாம்கோடு எழுதியது:

அருமை அக்கா. குத்துச்சண்டையைச் சேர்க்கலாம், ஆனால் ஹாக்கியின் கீழே ஒரு வரியாக. அந்தக் கேள்வி எனக்குத் தீர்ந்தது.

இப்போது கோச் வேலை. 1926 டிசம்பரில் பிட்ஸ்பர்க் இவரை நியூயார்க் அமெரிக்கன்ஸ் அணிக்கு மாற்றிவிட்டது. அந்த அணி முதலாளி பில் டுவையர், மதுவிலக்குக் காலத்துப் பெரிய சாராயக் கடத்தல்காரர். அங்கே 1929-30இல் கானக்கர் ஆட்டக்காரராகவும் கோச்சாகவும் இருந்தார். விளைவு? 44 ஆட்டத்தில் 14 வெற்றி, 25 தோல்வி, 5 சமன். பிரிவில் கடைசி இடம். அதற்கு முந்திய ஆண்டு இதே அணி பிளேஆஃப், அதாவது கோப்பைக்கான கடைசிக் கட்ட ஆட்டங்கள் வரை, போயிருந்தது. ஒரே சீசனோடு கோச் வேலை போச்சு, ஆளையும் மான்ட்ரியல் மரூன்ஸுக்குத் தள்ளிவிட்டார்கள்.

இதைப் "பயிற்சியாளராகவும் விளங்கினார்" என்று எழுதுவது கொஞ்சம் ஓவர் இல்லையா?

---

கோலி_அக்கா எழுதியது:

தோல்வி என்பது சரி. ஆனால் எந்த ஆண்டு என்று பாருங்கள். ஹாக்கி விளையாட்டே தலைகீழாக மாறிய ஆண்டு அது.

1928-29இல் லீக் முழுக்கக் கோல் வறட்சி. கனடியன்ஸ் கோலி ஜார்ஜ் ஹெயின்ஸ்வொர்த் 44 ஆட்டத்தில் 22 ஷட்அவுட், அதாவது ஒரு கோல்கூட விடாத ஆட்டங்கள். ஆட்டத்துக்கு இரண்டு அணியும் சேர்ந்து மூன்று கோல்கூடப் போடவில்லை. கூட்டம் குறையும் என்று பயந்து 1929-30இல் விதியை மாற்றினார்கள், ரிங்க்கின் மூன்று பகுதிகளிலும் முன்பக்கப் பாஸ் கொடுக்கலாம் என்று. உடனே என்ன ஆயிற்று? தாக்குதல்காரர்கள் எதிரணிக் கோல் வாசலிலேயே போய் நின்றுகொண்டு பக்குக்குக் காத்திருந்தார்கள். கோல் மழை. டிசம்பரில் சீசன் நடுவிலேயே, பக்குக்கு முன்னால் யாரும் தாக்குதல் பகுதிக்குள் போகக் கூடாது என்று இன்னொரு விதியைச் சொருகினார்கள். இன்றைய ஆஃப்சைடு அதிலிருந்து வந்தது. பாஸ்டனின் கூனி வெய்லாண்ட் அந்த ஆண்டு கோலும் அசிஸ்ட்டும் சேர்த்து 73 புள்ளிகள் எடுத்தார். அதுவரை இருந்த சாதனை கனடியன்ஸ் நட்சத்திரம் ஹோவி மொரென்ஸின் 51.

அமெரிக்கன்ஸ் தடுப்பை நம்பிய அணி. அவர்கள் கோலி ராய் வொர்ட்டர்ஸ் அதற்கு முந்திய சீசனில் லீகின் மிகச் சிறந்த ஆட்டக்காரருக்கான ஹார்ட் டிராஃபி வாங்கியவர், அந்த விருதைப் பெற்ற முதல் கோலி. 1-0 என்று ஜெயிக்கிற அணிக்கு ஒரே ஆண்டில் இரண்டு முறை விதி மாறினால், அனுபவமுள்ள கோச்சே தடுமாறுவார். இவர் முதல் முறை கோச், அதுவும் ஸ்கேட்டைக் கட்டிக்கொண்டு ரிங்க்கிற்குள் நின்றபடி.

---

பழையபேப்பர் எழுதியது:

அக்கா சொன்னதோடு ஒன்றைச் சேர்க்கிறேன். அந்த அணியில் யார் யார் இருந்தார்கள்? கோலி வொர்ட்டர்ஸ், ஐந்தடி மூன்று அங்குலம், "இறால்" என்று பட்டப்பெயர். முன்னணி ஆட்டக்காரர் பில்லி பர்ச். அப்புறம் கானக்கர். இந்த மூன்று பேரும் வடக்குமுனை குறிப்பிட்ட 1920 கனூ கிளப் அணியின் பையன்கள். வொர்ட்டர்ஸ் பிட்ஸ்பர்க்கிலும் கூடவே இருந்தவர்.

கூட வளர்ந்த சேக்காளிகளுக்குத் திடீரென்று ஒருநாள் நீ கோச் ஆகிறாய். ராத்திரி ஒன்றாகக் குடிக்கிற ஆட்கள், காலையில் "நேற்று ஏன் லேட்டாக வந்தாய்" என்று எப்படிக் கேட்பாய்? முதலாளியோ சாராயக்காரர், அணியில் பாட்டிலுக்குப் பஞ்சமில்லை. கானக்கர் நியூயார்க்கில் கடுமையாகக் குடித்தார் என்பது ஒளிவுமறைவான செய்தி அல்ல. முதல் குழந்தை பிறந்தபோது அடியோடு விட்டார். அப்போது கோச் வேலை கையை விட்டுப் போயிருந்தது.

எனக்கு இதில் சுவாரசியமான ஆள் டாமி கோர்மன். 1928-29இல் அமெரிக்கன்ஸை நடத்தியவர் அவர்தான், கானக்கருக்கு முந்திய கோச். இந்த ஆள் எப்படி ஆடுவார், எப்படிக் குடிப்பார், எல்லாவற்றையும் பக்கத்திலிருந்து பார்த்தவர். 1933இல் கோர்மன் சிகாகோ பிளாக் ஹாக்ஸில் இருக்கிறார். கானக்கர் அங்கே வருகிறார். 1934இல் சிகாகோவுக்கு முதல் ஸ்டான்லி கோப்பை, என்ஹெச்எல்லின் பட்டம். ஹார்ட் டிராஃபி வாக்கெடுப்பில் கானக்கர் இரண்டாமிடம். பிறகு கோர்மன் மான்ட்ரியல் மரூன்ஸுக்குப் போகிறார், கானக்கரும் அங்கே. 1935இல் மரூன்ஸுக்கு ஸ்டான்லி கோப்பை. இறுதியில் எதிரணி டொரான்டோ மேப்பிள் லீஃப்ஸ், அங்கே நட்சத்திரம் இவருடைய தம்பி சார்லி கானக்கர்.

அடுத்தடுத்த ஆண்டு, இரண்டு வேறு அணி, ஒரே கோச். கோச்சாகத் தோற்ற ஆளை இன்னொரு கோச் விரும்பிச் சேர்த்துக்கொண்டார் என்றால் ஏதோ இருக்கிறது. கோச் வேலை செய்து பார்த்தவன் ரிங்க்கில் இருந்தால் பெஞ்சில் இருப்பவனுக்குப் பாதிப் பாரம் குறையும். அந்த ஒரு சீசன் வீண் போகவில்லை என்பது என் எண்ணம்.

---

மூன்றாம்கோடு எழுதியது:

கோர்மன் கோணம் எனக்குப் புதிது. இருந்தாலும் கோச் என்று தனிப் பட்டம் கொடுக்க மாட்டேன். 14 வெற்றி 14 வெற்றிதான்.

---

குத்துவிளக்கு எழுதியது:

விடாக்கண்டன் கொடாக்கண்டன் ஹாஹா. 1932 கோடையில் தொழில்முறை மல்யுத்தத்தில் தோற்கவே இல்லை என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அந்த மல்யுத்தத்தில் யார் தோற்பது என்று முடிவு செய்வது டிக்கெட் கவுன்டர்.

---

சும்மா_எட்டிப்பார்த்தவன் எழுதியது:

அண்ணே அப்படியே நிறைய பேர் பெயர் சொல்லிக் கேலி செய்ய ஆரம்பித்தால் என்ன... டபிள்யூடபிள்யூஇ பற்றி ஒரு இழை தொடங்கலாமா?

---

நெறியாளர் எழுதியது:

தனி இழை தொடங்குங்கள். இங்கே தொடர்ந்து வந்த மல்யுத்த மறுமொழிகளை அங்கே நகர்த்தியாயிற்று.

---

வடக்குமுனை எழுதியது:

நல்லது செய்தீர்கள். லக்ராஸ் பற்றி ஒருவரும் கதைக்கவில்லையே? 1931இல் ஹொக்கி முதலாளிமார் கோடையில் அரீனா சும்மா கிடக்கிறதே என்று, ஐஸ் இல்லாத ரிங்க்குக்குள் லக்ராஸை நடத்தத் தொடங்கினார்கள். இப்ப பொக்ஸ் லக்ராஸ் என்று இங்கே பிள்ளைகள் ஆடுவது அதுதான். கானக்கர் உடனே போய்ச் சேர்ந்தார். 1933இல் கனடாவில் முதல் தொழில்முறை ஃபுட்பால் அணியையும் தொடங்கிப் பார்த்தார். மூன்றாம்கோடு சொன்ன "காசு கொடுத்த விளையாட்டை மட்டும் ஆடியவர்" என்பது இங்கே சரியாகப் பொருந்துகிறது. ஆனால் காசு வருமா என்று தெரியாத அணியைத் தானே தொடங்குகிறவரை வெறும் கூலிக்காரன் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

---

பழையபேப்பர் எழுதியது:

குத்துவிளக்குக்கு ஒரு தகவல், ஒருவேளை உங்கள் தீர்ப்பு மாறலாம். 1937இல் ஹாக்கியை விட்டார். அந்த ஆண்டே லிபரல் கட்சி சார்பில் ஒன்டாரியோ சட்டமன்றத்துக்குத் தேர்வானார், பிராகொண்டேல் தொகுதி. மாகாணத்தின் தடகள ஆணையத்துக்குத் தலைவரானார். குத்துச்சண்டையும் மல்யுத்தமும் அந்த ஆணையத்தின் கையில். குத்துச்சண்டையில் நடந்த ஊழலுக்கு எதிராக நின்றார், பள்ளிகளில் விளையாட்டு வசதி வேண்டும் என்று கேட்டார்.

---

குத்துவிளக்கு எழுதியது:

அது வேறு கதை. இதற்கு மதிப்பெண் போடுவேன், மனம் நிறைந்து. வளையத்தில் நின்றவன் மேசைக்குப் போனால்தான் எடை பார்க்கும் இடத்தில் என்ன தில்லுமுல்லு நடக்கும், யாரை வேண்டுமென்றே விழுந்து தோற்கச் சொல்வார்கள் என்று தெரியும். வெளியாள் அதிகாரிக்கு ஃபைலில் எல்லாம் ஒழுங்காகவே தெரியும். குத்துச்சண்டைக்கு இவர் செய்தது 1920ஐவிட 1937க்குப் பிறகுதான் அதிகம் என்று எழுதினால் நான் கையெழுத்துப் போடுகிறேன்.

---

சும்மா_எட்டிப்பார்த்தவன் எழுதியது:

கடைசியில் எப்படி இறந்தார்?

---

மூன்றாம்கோடு எழுதியது:

விளையாடும்போதுதான். 1949இல் டிரினிட்டி தொகுதியிலிருந்து நாடாளுமன்றம் போனார். 1954 மே 26, எம்பிக்களுக்கும் செய்தியாளர்களுக்கும் ஒட்டாவாவில் சாஃப்ட்பால் ஆட்டம். பந்தை இடது பக்கம் தூர அடித்தார். முதல் தளத்தோடு நிற்க வேண்டிய அடி. நிற்காமல் மூன்றாம் தளம் வரை ஓடினார், அங்கேயே விழுந்தார். மாரடைப்பு. 54 வயது முடிந்து இரண்டு நாள்.

---

கோலி_அக்கா எழுதியது:

என் பங்குக்கு ஒரு முறையீடு. 1950இல் இவரைத் தேர்ந்தெடுத்த அதே வாக்கெடுப்பில் சிறந்த பெண் வீராங்கனையாக வந்தவர் பாபி ரோசன்ஃபெல்ட். 1928 ஆம்ஸ்டர்டாம் ஒலிம்பிக்கில் நான்கு பேர் நூறு மீட்டர் தொடர் ஓட்டத்தில் தங்கம், நூறு மீட்டரில் வெள்ளி. ஹாக்கி, பேஸ்கட்பால், சாஃப்ட்பால் எல்லாம் ஆடியவர், பிறகு மூட்டுவாதம் வந்து, விளையாட்டுப் பத்தி எழுத்தாளராக வாழ்ந்தவர். கனடியன் பிரஸ் ஆண்டுதோறும் தரும் விருதுகளுக்கு இந்த இருவர் பெயரும்தான் வைத்திருக்கிறார்கள். ஆனால் "எல்லா விளையாட்டும் ஆடியவர்" என்று இழை தொடங்கும்போது நமக்கெல்லாம் முதலில் கானக்கர்தான் ஞாபகம் வருகிறார். பெண்களுக்குக் காசு வாங்கும் லீகே இல்லாத காலம் அது. "வயிற்றுப்பாட்டுக்காக ஆடினார்" என்று சொல்லும் வாய்ப்பாவது கானக்கருக்கு இருந்தது.

---

மூன்றாம்கோடு எழுதியது:

அடுத்த இழை நீங்களே தொடங்குங்கள் அக்கா, முதல் மறுமொழி என்னுடையது.

---

வடக்குமுனை எழுதியது:

ஒரு சின்னக் கேள்வி, பழையபேப்பர் ஐயாவுக்கு. 1934இல் சிக்காகோ கோப்பை எடுத்த கையோடு அவர் மொன்றியல் கனடியன்ஸுக்குப் போனார் என்று ஒரு இடத்தில் கண்டேன். நீங்கள் மரூன்ஸ் என்கிறீர்கள். எது சரி?

---

பழையபேப்பர் எழுதியது:

இரண்டும் சரி! 1934 அக்டோபர் 3. சிகாகோவிலிருந்து கானக்கர் உட்பட மூவர் கனடியன்ஸுக்கு, பதிலுக்கு ஹோவி மொரென்ஸ் உட்பட மூவர் சிகாகோவுக்கு. மொரென்ஸை விற்றதற்கே மான்ட்ரியல் ரசிகர்கள் கொதித்தார்கள். அதே நாளில் கனடியன்ஸ் கானக்கரையும் ஹெர்ப் கேனையும் மரூன்ஸுக்குக் கொடுத்துவிட்டு நெல்ஸ் கிரட்ச்ஃபீல்டை வாங்கியது. கனடியன்ஸ் சட்டையை அவர் ஒரு ஆட்டத்தில்கூடப் போடவில்லை.

இந்தக் கிரட்ச்ஃபீல்ட் மெக்கில் பல்கலைக்கழக ஹாக்கியில் பெரிய பெயர் எடுத்தவர், அசல் கல்லூரி ஆட்டக்காரர். ஒரு சீசன்தான் ஆடினார், 1935இல் கார் விபத்தில் விளையாட்டு வாழ்க்கை முடிந்துவிட்டது. முப்பத்துநான்கு வயது கானக்கரைக் கொடுத்து இளம் கல்லூரி நட்சத்திரத்தை வாங்கியது அன்றைக்குப் புத்திசாலித்தனமான பேரமாகத்தான் தெரிந்திருக்கும். 1937 ஹார்ட் வாக்கெடுப்பில் கானக்கர் மறுபடியும் இரண்டாமிடம்.

---

வடக்குமுனை எழுதியது:

நன்றி ஐயா. அவருடைய மகன் பிரையன் 1964 ஒலிம்பிக்கில் கனடாவுக்கு ஆடி, 1967இல் லீஃப்ஸோடு ஸ்டான்லி கோப்பை எடுத்தவர். அந்த 1967க்குப் பிறகு லீஃப்ஸ் இன்னும் ஒன்று எடுக்கவில்லை, அந்த வயிற்றெரிச்சலுக்கு இங்கே வேறு இழை இருக்கிறது, எல்லாரும் அங்கே வாருங்கள்.